தாத்தா பார்த்த வெளக்கு

முதல் நாள், வியாழன் இரவு, ரந்தாவ்

மலேசியாவில், கோலாலம்பூர் செந்தூலிலிருந்து நெகிரி செம்பிலான் மாநிலத்து ரந்தாவுக்கு நூறு கிலோமீட்டர்கூட இல்லை. இதைப் போய்ப் பயணக் கட்டுரை என்று நாள் நாளாக எழுதுகிறானே என்று பழைய ரயில்வே நண்பர்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். ரயில்வேயை விட்டு வந்த பிறகு நான்கு நாள் சேர்ந்தாற்போல் வீட்டை விட்டுக் கிளம்புவது இதுதான் முதல் தடவை.

கொமுட்டர் ரயிலில் சிரம்பான் வந்து இறங்கினேன். அத்தை பேரன் காடி (கார்) கொண்டுவந்திருந்தான். "மாமா, சாப்டீங்களா?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் ஒரு கடை முன்னால் நிறுத்தினான். இரண்டு ரொட்டி சானாய், ஒரு தே தாரிக். அப்புறம் ரந்தாவ் வரும்வரை இரண்டு பக்கமும் செம்பனை, அதாவது எண்ணெய்ப் பனை. என் சின்ன வயதில் இதே சாலையில் பால்மர (ரப்பர் மர) நிழல் விழும். வெயில் தெரியாது. செம்பனை வந்த பிறகு நிழலும் போயிற்று, ஆளும் போயிற்று. நூறு குடும்பம் வெட்டிய காட்டை இப்போது பத்துப் பேர் பார்த்துக்கொள்கிறார்கள். அந்தப் பத்துப் பேரிலும் நம்மாட்கள் எத்தனை என்று கேட்டேன். பையன் பேச்சை மாற்றிவிட்டான்.

ரந்தாவ் சின்ன ஊர். கடைவரிசை, கோயில், பள்ளி, பெட்ரோல் நிலையம். ஆனால் சுற்றியிருந்த தோட்டங்களுக்கெல்லாம் இதுதான் டவுன். சம்பளம் போட்ட மறுநாள் இங்கே நடக்க இடமிருக்காது என்று அப்பா சொல்லுவார். அத்தை இப்போது இருப்பது தாமான் (குடியிருப்புப் பகுதி) வீடு. லயத்தை (தோட்டத்து வரிசை வீடுகளை) இடித்த பிறகு பிள்ளைகள் வாங்கிக் கொடுத்தது. வாசலில் இரும்பு கேட், உள்ளே டைல்ஸ் தரை, எல்லாம் உண்டு. ஆனால் விடிகாலை நான்கு மணிக்கு எழுந்து உட்கார்ந்துவிடுவார். முப்பது வருஷம் பால்மரம் வெட்டிய உடம்பு, பெரட்டுக்கு (காலையில் ஆள் கணக்கெடுக்க) கூப்பிடுகிற மணி அதற்குள் இன்னும் அடித்துக்கொண்டிருக்கிறது. வெயில் ஏறுவதற்கு முன் மரத்துக்குள் பாலின் அழுத்தம் அதிகம், அப்போது கோடு கிழித்தால்தான் நன்றாக ஓடும். பத்து மணிக்கு மேல் வெட்டினால் பால் பிடிக்கிற மங்கு நிறையாது. அதற்காகத்தான் நெற்றியில் கார்பைட் விளக்கைக் கட்டிக்கொண்டு இருட்டிலேயே நிரையில் இறங்கினார்கள்.

நான் வந்த காரணத்துக்கு வருகிறேன். எங்கள் வீட்டில் இரண்டு கதை உண்டு, இரண்டும் ஒரு விளக்கைப் பற்றியவை.

முதல் கதை தாத்தாவுடையது. 1937இல் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறியவர். அடுத்த வருஷம் ஜூன் மாதம் இந்திய அரசாங்கம் தோட்டத்துக்கு ஆள் அனுப்புவதை நிறுத்திவிட்டது. ஒரு வருஷம் தாமதித்திருந்தால் நான் இன்று தஞ்சாவூர்ப் பக்கம் எங்காவது ஓய்வூதியம் வாங்கிக்கொண்டிருப்பேன். கப்பல் மேல்தட்டில் படுத்துக்கொண்டு ராத்திரி ஒரு விளக்கைப் பார்த்தாராம். கண்ணடித்துக் கண்ணடித்து மறைந்ததாம். "அந்த வெளக்கப் பாத்த பிற்பாடுதான் நாம பொழச்சோம்னு நெனச்சேன்" என்பார். அது போர்ட்டிக்சன் பக்கத்துத் தஞ்சோங் துவான் விளக்கு என்று வீட்டில் எல்லாரும் நம்பினோம். பக்கத்தில் இருக்கும் கலங்கரை விளக்கம் அதுதானே.

இரண்டாவது கதை அத்தையுடையது. சின்னப் பெண்ணாக இருந்தபோது தோட்டத்து மேட்டில் நின்றால் அதே விளக்கு தெரியும் என்பார்.

முப்பது வருஷத்துக்கு மேல் ரயில்வே சிக்னல் பிரிவில் வேலை பார்த்தவன் நான். விளக்கு என்றால் எனக்கு விளையாட்டில்லை. ஒரு விளக்கு எங்கிருந்து எங்கே தெரியும், எதை மறைக்கும், ஏன் கண்ணடிக்கும் என்பதில்தான் என் சோறு இருந்தது. இரண்டு கதையையும் ஒருமுறை சோதித்துப் பார்த்துவிடுவோம் என்றுதான் கிளம்பி வந்தேன்.

இன்று ராத்திரி சாப்பிடும்போது அத்தையைக் கிண்டிக் கிண்டிக் கேட்டேன். தாத்தா வேறு என்ன சொன்னார்?

"என்னத்தச் சொன்னாரு... மலமேல ஒண்ணு, தண்ணிக்குள்ள ஒண்ணுன்னு சொல்லுவாரு."

"ரெண்டு விளக்கா?"

"ஆமா. ஒனக்கு யாரும் சொல்லலியா? நீ எங்க ஒக்காந்து கேட்ட."

இதை நான் அறுபது வயது தாண்டிய பிறகுதான் முதல் தடவையாகக் கேட்கிறேன்.

இரண்டாம் நாள், வெள்ளி இரவு

இன்று லுக்குட் மியூசியம் போனோம். நேரம் பார்க்காமல் கிளம்பியது என் தவறு. வெள்ளிக்கிழமை மத்தியானம் தொழுகைக்காகக் கதவு சாத்தியிருந்தது. வெளியே செண்டோல் சாப்பிட்டு ஒரு மணி நேரத்தைப் போக்கினோம். பையன் இரண்டு கிண்ணம் சாப்பிட்டான்.

லுக்குட் ஒரு காலத்தில் ஈயத்தால் பணம் கொழித்த இடம். ராஜா ஜுமாஆத் 1847இல் கட்டிய கோட்டை மேலே இருக்கிறது. ஆனால் நான் வந்தது நசாவ் கப்பலுக்காக.

கதை இதுதான். 1606 ஆகஸ்ட் மாதம் டச்சுக்காரர்கள் ஜொகூரோடு சேர்ந்து, போர்த்துகீசியர் கையிலிருந்த மலாக்காவை முற்றுகையிட்டிருந்தார்கள். டச்சுத் தலைவர் கொர்னேலிஸ் மாத்தெலீஃப். கோவாவிலிருந்து போர்த்துகீசிய வைஸ்ராயே இருபது கப்பலுக்குப் பக்கமாகத் திரட்டிக்கொண்டு காப்பாற்ற வந்துவிட்டார். டச்சுக்காரர்களிடம் பதினொன்று. தஞ்சோங் துவானுக்கு எதிரில் மோதினார்கள். டச்சுக்காரர்களுக்கு நசாவ், மிடல்பர்க் என்ற இரண்டு கப்பல் போயிற்று. போர்த்துகீசியருக்கும் இரண்டு. அடித்தவனும் பட்டவனும் ஒரே கணக்கில் கடலுக்கு அடியில் போய்ச் சேர்ந்தார்கள். 1993இல் நசாவ் கிடந்த இடத்தைக் கண்டுபிடித்து, 1995இல் அகழ்ந்து பொருள்களை மேலே கொண்டுவந்தார்கள். கண்ணாடிப் பேழைக்குள், கடல் முந்நூற்றுத் தொண்ணூறு வருஷம் தின்று மிச்சம் வைத்தவை. பையன் ஒவ்வொன்றையும் கைப்பேசியில் படம் எடுத்தான். நான் சுவரில் இருந்த மலாக்கா நீரிணை வரைபடத்தையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

வரைபடத்தைப் பார்த்தபோதே வயிற்றில் ஏதோ இடித்தது. அதை நாளைக்குச் சொல்கிறேன்.

திரும்பும்போது போர்ட்டிக்சன் டவுனுக்குள் ஒரு சுற்றுச் சுற்றினோம். அது என் பிடிவாதம். சிரம்பானிலிருந்து சிலியாவ் வழியாக இங்கே 39 கிலோமீட்டர் ரயில் பாதை, 1891இல் திறந்தது. கடைசிக் காலத்தில் எண்ணெய் டாங்கி வண்டிகள் மட்டும் ஓடின, பிறகு அதுவும் நின்றது. புல்லுக்குள் தண்டவாளம் கிடப்பதைப் பார்த்தால், வேலை பார்த்தவனுக்குத்தான் தெரியும் அது எப்படி இருக்கும் என்று. பையன் "போலாமா மாமா?" என்றான். சரி, போகலாம்.

ராத்திரி எட்டரைக்குத் தோட்டத்து மேட்டுக்கு ஏறினோம். செம்பனை அறுத்து மறுநடவு செய்த பக்கம், அதனால் மேற்கே திறப்பாக இருந்தது. தூரத்து மேகத்தின் அடிவயிற்றில் ஆரஞ்சு நிறத்தில் ஒரு வெளிச்சம். பையன் துள்ளினான். "அதான் மாமா, பாட்டி சொன்ன லைட்!"

இல்லை. அது கடலோரத்து எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைகளின் வெளிச்சம். அசையவில்லை, கண்ணடிக்கவில்லை. அதோடு அத்தை சின்னப் பெண்ணாக இருந்தது 1940களின் கடைசி, 50களின் தொடக்கம். அந்த ஆலைகள் வந்ததெல்லாம் 60களில். ஆக அத்தை பார்த்தது வேறு ஏதோ ஒன்று.

இருபது நிமிஷம் நின்றோம். கொசு.

மூன்றாம் நாள், சனி இரவு

நீளமாக எழுதப் போகிறேன். இன்றைக்குத்தான் எழுத விஷயம் இருக்கிறது.

அத்தை விடிகாலையிலேயே உளுந்து வடை சுட்டு, எலுமிச்சைச் சோறு கட்டிக் கொடுத்தார். "நீங்களும் வாங்க அத்தை" என்றேன். முழங்காலைத் தட்டிக் காட்டினார். "நீ போய்ப் பாத்துட்டு வந்து சொல்லு. பொய் சொல்லாம சொல்லு."

தஞ்சோங் துவான் முனை, போர்ட்டிக்சன் டவுனிலிருந்து கடலோரமாகத் தெற்கே பதினாறு கிலோமீட்டர். நெகிரி செம்பிலானுக்குள்தான் போய்க்கொண்டிருக்கிறோம், ஆனால் முனையைத் தொட்டதும் அது மலாக்கா மாநிலம். மூன்று பக்கம் கடல், நிலப்பக்கம் நெகிரி செம்பிலான், நடுவில் மலாக்காவின் ஒரு துண்டுக் காடு, ஏறக்குறைய 80 ஹெக்டேர். 1511இல் மலாக்காவைப் பிடித்த போர்த்துகீசியரும், 1641இல் அவர்களிடமிருந்து பிடித்த டச்சுக்காரரும், 1824 ஒப்பந்தத்தில் வாங்கிக்கொண்ட ஆங்கிலேயரும் இந்த முனையை விடவே இல்லை. கடலைப் பார்க்கிற கண்ணை யார் விடுவார்கள்? ராச்சாடோ என்று பெயர் வைத்தது போர்த்துகீசியர், பிளந்தது என்று பொருள். கடலிலிருந்து பார்த்தால் பாறை வெடித்து நிற்பது போல் தெரியுமாம். பதினாறாம் நூற்றாண்டிலேயே அவர்கள் இங்கே விளக்கு வைத்ததாகச் சொல்வார்கள். இப்போது நிற்கும் கோபுரம் 1863இல் ஆங்கிலேயர் கட்டியது.

கேட்டிலிருந்து தார்ச்சாலை ஏற்றம். இரண்டு பக்கமும் நல்ல காடு. வேரெல்லாம் பாறையைக் கட்டிப் பிடித்துக்கொண்டிருக்கிறது. வண்டு சத்தம் காதைத் துளைக்கிறது. பாதி வழியில் மூச்சு வாங்க உட்கார்ந்தேன், பையைப் பக்கத்தில் வைத்தேன். ஒரு வினாடிதான். ஒரு பெரிய குரங்கு வந்து, அவசரமே இல்லாமல், கடையில் சாமான் வாங்குவது போல வடைப் பொட்டலத்தை மட்டும் எடுத்துக்கொண்டு கிளைக்கு ஏறியது. எலுமிச்சைச் சோற்றை முகர்ந்து பார்த்துவிட்டு வைத்துவிட்டது. அத்தை வடையின் மணம் குரங்குக்கும் தெரிந்திருக்கிறது. மேலே உட்கார்ந்து வடையின் நடு ஓட்டைக்குள் விரலை விட்டுப் பார்த்துக்கொண்டே தின்றது. பையன் சிரித்துச் சிரித்து இருமலே வந்துவிட்டது.

கோபுரத்தின் முன்னால் வந்து நின்றேன். வெள்ளை. வட்டம். 24 மீட்டர். பக்கத்தில் ரேடார் கோபுரம் ஒன்று, இவனைவிட அதிகாரமாக. உள்ளே ஏற அனுமதி இல்லை, வெளியிலிருந்துதான். எனக்கு அதுவே போதும். சுவரில் கை வைத்துப் பார்த்தேன், வெயிலில் சுட்டது.

1863 என்பதைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். அப்போது பினாங்கு, மலாக்கா, சிங்கப்பூர் மூன்றும் கல்கத்தாவிலிருந்து ஆளப்பட்டவை. 1867இல்தான் லண்டனுக்குக் கீழே போயின. ஆண்டது கல்கத்தா, அடிமட்டத்தில் உழைத்ததிலும் இந்தியர் நிறைய. இந்தியாவிலிருந்து நாடு கடத்தப்பட்ட கைதிகள்தான் அந்த மூன்று ஊர்களிலும் சாலை போட்டார்கள், கட்டடம் கட்டினார்கள். சிங்கப்பூரின் செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயம் அவர்கள் கையால் எழுந்தது. ரப்பரோ இன்னும் வரவேயில்லை. சிங்கப்பூருக்கு 22 ரப்பர் கன்று வந்தது 1877. மலாக்காவில் டான் சே யான் வியாபாரத்துக்கென்று முதல் ரப்பர் பயிரிட்டது 1896. இந்த விளக்கு ஏற்றியபோது ரந்தாவில் ஒரு பால்மரம் கிடையாது. எங்கள் குலமே இந்த நாட்டில் கிடையாது. நாங்கள் வந்தது விளக்கு எரிய ஆரம்பித்து எழுபத்து நாலு வருஷம் கழித்து.

சிக்னல்காரனாக ஒன்று சொல்லவேண்டும். சிங்கப்பூர் நீரிணையின் கிழக்கு வாசலில் ஹார்ஸ்பர்க் விளக்கு 1851. சிங்கப்பூருக்குத் தெற்கே ராஃபிள்ஸ் விளக்கு 1855. அப்புறம் இது, 1863. அதற்கு மேலே வடக்கே, கிள்ளானுக்கு எதிரில் நடுக்கடலில் ஒன் ஃபாதம் பேங்க், 1874. பினாங்கின் வடமேற்கு மூக்கில் மூக்கா ஹெட், 1883. வரிசையாக எழுதிப் பார்த்தபோது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இது எங்கள் ரயில் பாதை. ஒரு ஸ்டேஷன் வண்டியை அடுத்த ஸ்டேஷனிடம் ஒப்படைப்பது போல, ஒரு விளக்கு கப்பலை அடுத்த விளக்கிடம் ஒப்படைக்கிறது. ஒவ்வொன்றும் கண்ணடிக்கிற கணக்கு வேறு வேறு. இத்தனை வினாடிக்கு இத்தனை தடவை என்று புத்தகத்தில் இருக்கும். எண்ணிப் பார்த்தால் மாலுமிக்கு ஊர்ப்பெயர் தெரிந்துவிடும்.

கண்ணடிப்பது எப்படி? விளக்கு அணைந்து எரிவதில்லை. அது நின்று எரிந்துகொண்டே இருக்கும், அதைச் சுற்றி லென்ஸ் சுழலும். அந்த லென்ஸ் 1820களில் ஃபிரெனல் என்ற பிரெஞ்சுக்காரர் கண்டது. பெரிய குவிவுக் கண்ணாடியை அப்படியே செய்தால் டன் கணக்கில் கனக்கும், வெளிச்சத்தையும் தின்றுவிடும். அவர் உள்ளே இருந்த வீண் கனத்தைக் கழித்துவிட்டு, வளைவை மட்டும் வளையம் வளையமாக நறுக்கி வைத்தார். பெரிய வெங்காயத்தைக் குறுக்கே வெட்டினால் தெரியுமே, அந்த மாதிரி வளையங்கள். எங்கள் கைகாட்டி விளக்கிலும் அதே லென்ஸின் குட்டிதான் இருந்தது. 1979இல் வேலைக்குச் சேர்ந்த புதிதில் மண்ணெண்ணெய் டின்னைத் தூக்கிக்கொண்டு கைகாட்டி மரத்தில் ஏறித் திரி வெட்டியிருக்கிறேன். திரி கோணலாக வெட்டினால் கண்ணாடி கரி பிடிக்கும். கரி பிடித்தால் டிரைவருக்குத் தெரியாது. பெரியவர் ஒருவர் தலையில் குட்டிக் குட்டிச் சொல்லிக் கொடுத்தார்.

கலங்கரை விளக்கத்திலும் அதே பாடுதான், அளவு பெரிது, அவ்வளவே. ஆதியில் எண்ணெய்த் திரி. பிறகு மண்ணெண்ணெயை ஆவியாக்கி மேண்டிலில் எரிப்பது, நம் கோயில் திருவிழாவில் தலையில் தூக்கிக்கொண்டு போவார்களே, அந்தக் கேஸ்லைட்டின் அண்ணன். லென்ஸைச் சுழற்ற, சுவர்க்கடிகாரம் போல எடைக்கட்டி தொங்கும். காவல்காரர் ராத்திரியில் சில மணிக்கு ஒருமுறை எழுந்து சாவி கொடுத்து அதை மேலே ஏற்றவேண்டும். தூங்கிவிட்டால் விளக்கு நிற்கும். பகலில் லென்ஸ் அறைக்குத் திரை போட்டு வைப்பார்கள். இல்லையென்றால் வெயில் அதே கண்ணாடி வழியாக உள்ளே பாய்ந்து விளக்கையே எரித்துவிடும். இப்போதெல்லாம் மின்சாரம், தானியங்கி. கப்பலில் ஜிபிஎஸ். இந்த நீரிணையில் வருஷத்துக்கு எண்பதாயிரம் கப்பலுக்கு மேல் போகிறது. அவற்றில் எத்தனை மாலுமிகள் தலையை நிமிர்த்தி இதைப் பார்ப்பார்கள்?

தமிழில் இதற்குப் பெயர் வைத்தவனைப் பாராட்டவேண்டும். கலம் என்றால் கப்பல். கரைதல் என்றால் அழைத்தல், காக்கை கரைகிறது என்கிறோமே. கலத்தைக் கூப்பிடுகிற விளக்கு. துறைமுகத்தில் வைத்த விளக்குக்கு அது சரி. ஆனால் இந்த முனையில் துறைமுகம் ஏது? கீழே பாறை. இங்கே இருக்கும் விளக்கு "வா" என்று சொல்லவில்லை, "கிட்டே வராதே, அப்படியே போ" என்கிறது. என் பாஷையில் சொன்னால் சிவப்பு. அதற்கும் தமிழன் கலங்கரை என்றே பெயர் வைத்துக்கொண்டான்.

மேலே ஒரே கூட்டம், ஆனால் விளக்கைப் பார்க்க வந்த கூட்டம் இல்லை. எல்லார் கழுத்திலும் பைனாகுலர். மார்ச் மாதம் தேன்பருந்துகள் சுமத்ராவிலிருந்து நீரிணையைத் தாண்டி வடக்கே திரும்புகிற காலம். எதிரே ரூப்பாட் தீவு, 38 கிலோமீட்டர்தான். கடலுக்கு மேலே சூட்டுக் காற்று எழும்பாது, அதனால் பருந்து மிதக்க முடியாமல் இறக்கையை அடித்துக்கொண்டே வரவேண்டும். களைத்துத் தாழ்வாக வரும். முனையைத் தொட்டதும் நிலத்துச் சூடு தூக்கிவிடும், வட்டம் போட்டு வட்டம் போட்டு மேலே போய்விடும். மலேசிய இயற்கைக் கழகத்தார் 2000இலிருந்து வருஷா வருஷம் இங்கே உட்கார்ந்து எண்ணுகிறார்கள். பதினொரு மணி வாக்கில் ஒன்று என் தலைக்கு மேலேயே வந்தது. இறக்கை நுனி விரல் விரலாகப் பிரிந்திருந்தது. கால் கீழே தொங்கிக்கொண்டிருந்தது போல எனக்குத் தோன்றியது, பக்கத்தில் நின்ற பெண் அப்படி இல்லை என்றார். கோபுரத்தை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு மேலேறியது. பருந்துக்கும் இது அடையாளம் போல.

அப்புறம்தான் நான் நிலப்பக்கம் திரும்பி நின்றேன். ரந்தாவ் அந்தத் திசையில். நடுவில் மேடு மேடாகப் பச்சை. விளக்கின் நேர் ஒளி அந்த மேட்டைத் தாண்டித் தெரியுமா என்றால், சந்தேகம்தான். ஆனால் ஈரக் காற்றில் பெரிய விளக்கு சுழன்றால், விளக்கு தெரியாவிட்டாலும் வீச்சு தெரியும். வானத்தின் அடியில் வெள்ளையாக ஒரு விசிறி வந்து வந்து போகும். இருட்டில் ரயில் வளைவுக்குப் பின்னால் வரும்போது, இஞ்சின் தெரியும் முன்பே முன்விளக்கின் வெளிச்சம் மரத்தில் நகருமே, அப்படி. 1950இல் இந்த வட்டாரத்தில் வேறு வெளிச்சம் ஏது? லயத்தில் மண்ணெண்ணெய் விளக்கு, அதையும் ஒன்பது மணிக்கு அணைத்துவிடுவார்கள். கோபுரத்தின் பின்பக்கத்தை மறைக்காமல் விட்டிருந்தால், அத்தை அந்த வீச்சைப் பார்த்திருக்க நிறைய இடமுண்டு. இரண்டாவது கதை என் கணக்கில் தேறிவிட்டது.

முதல் கதைதான் உடைந்தது. நேற்று வரைபடத்தைப் பார்த்து வயிற்றில் இடித்தது இதுதான். தாத்தா இறங்கியது கிள்ளான் துறைமுகம், அப்போது போர்ட் சுவெட்டன்ஹாம். நாகப்பட்டினத்துக் கப்பல் பினாங்குக்கு வந்து, அங்கிருந்து தெற்கே கிள்ளான் வரும். அதற்கப்புறம்தான் சிங்கப்பூர். தஞ்சோங் துவான் கிள்ளானுக்கும் தெற்கே. தாத்தா இறங்கித் தொற்றுத்தடுப்பு முகாமில் உட்கார்ந்திருந்தபோதுதான் கப்பல் இந்த விளக்கைத் தாண்டியிருக்கும். அவர் அதில் இல்லை.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் அத்தையிடம் வடை போன கதையை முதலில் சொன்னேன். சிரித்தார். பிறகு இதைச் சொன்னேன். சிரிப்பு நின்றது.

"அப்ப எங்கப்பா பொய் சொன்னாரா?"

காலண்டர் தாள் ஒன்றைக் கிழித்துத் திருப்பிப் போட்டேன். இடது பக்கம் நாகப்பட்டினம், வலது பக்கம் நம் கரை. மேலே பினாங்கு, நடுவில் கிள்ளான், கீழே நம்ம தஞ்சோங் துவான். மேற்கிலிருந்து வரும் கப்பலுக்கு இந்த நாட்டில் முதலில் கண்ணில் படுவது மூக்கா ஹெட், குன்றின்மேல். அதைத் தாண்டித் தெற்கே வந்தால் கோல சிலாங்கூரில் புக்கிட் மெலாவத்தி. அங்கே குன்றின்மேல் ஒரு விளக்கு, 1907இல் கட்டியது. அதற்குத் தென்மேற்கே கடலில் ஒன் ஃபாதம் பேங்க். ஆழமே ஒரு பாகம், ஆறடிதான், என்று பெயர் வாங்கிய மணல்திட்டு. 1874இல் முதலில் வைத்த விளக்கை மாற்றிவிட்டு, அதையும் 1907இல்தான் புதிதாகக் கட்டினார்கள், கடலுக்குள் காங்கிரீட் கால்களை ஊன்றி. தண்ணீரில் நிற்கும் வீடு மாதிரி இருக்கும்.

அத்தை தாளை வாங்கிக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"மலமேல ஒண்ணு."

"ஆமா."

"தண்ணிக்குள்ள ஒண்ணு."

"ஆமா அத்தை."

"ரெண்டு நாள் கழிச்சு எறக்கினாங்களா, மறுநாளா?"

"அது நீங்கதான் சொல்லணும்."

"மறுநாக் காலைல கிள்ளான்ல எறக்கினாங்கன்னுதான் சொல்லுவாரு." கொஞ்ச நேரம் பேசவில்லை. "அப்ப போர்ட்டிக்சன்னு யாரு சொன்னது?"

யாரும் சொல்லவில்லை. நாங்களே வைத்துக்கொண்டது. தாத்தா ஊர்ப்பெயர் சொல்லவே இல்லை, அவருக்கே தெரிந்திருக்காது. கண்ணடித்தது என்று மட்டும்தான் சொன்னார்.

நான்காம் நாள், ஞாயிறு, சிரம்பான் ஸ்டேஷனில் உட்கார்ந்து

கொமுட்டர் வர இன்னும் இருபது நிமிஷம். அதற்குள் முடித்துவிடுகிறேன்.

காலையில் கோயிலுக்குப் போனோம். வெளியே வந்ததும் அத்தை ஒரு வேலை செய்தார். பூக்கடை ஆயாவிலிருந்து செருப்புப் போட வந்த கிழவர்வரை, பழைய தோட்டத்து ஆள் யார் கண்ணில் பட்டாலும் நிறுத்தி, "எங்கப்பா பாத்த வெளக்கு நம்ம வெளக்கு இல்லையாம், கோல சிலாங்கூராம்" என்று சொல்லிக்கொண்டே வந்தார். குறையாகச் சொல்கிறாரா, பெருமையாகச் சொல்கிறாரா என்று கடைசிவரை எனக்குப் பிடிபடவில்லை. ஒரு பெரியவர் மட்டும், "எங்க மேட்டுலேந்து வெளக்கு வீசுமே, அதச் சொல்றீங்களா?" என்று கேட்டார். நான் நின்றுவிட்டேன். அவர் அத்தை இருந்த தோட்டத்துக்காரர் இல்லை, பக்கத்துத் தோட்டம். ஆயாக் கொட்டகைக்குப் பின்னால் உட்கார்ந்து பிள்ளைகள் எல்லாம் எண்ணுவார்களாம். எத்தனை வரை எண்ணினால் அடுத்தது வரும் என்று கேட்டேன். மறந்துபோயிற்று என்றார். அவருக்கு வயது எண்பத்தாறு.

மாங்காய் ஊறுகாய் ஒரு பாட்டில், நேற்றைய வடைக்குப் பதிலாக வடை ஒரு பொட்டலம், குரங்கு எடுக்காமல் இருக்க இரண்டு பிளாஸ்டிக் பை. காலண்டர் தாளை நான் கேட்டேன், கொடுக்கவில்லை. அதை மடித்துச் சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைத்துவிட்டார்.

காடி கிளம்பும்போது கண்ணாடியைத் தட்டினார். இறக்கினேன்.

"அந்தக் கோல சிலாங்கூர் வெளக்கு, மேலவரைக்கும் காடி போகுமா?"

"டிராம் இருக்கு அத்தை. ஏறி உக்காந்தா மேல கொண்டுபோய் விட்டுரும். நடக்கவே வேணாம்."

"டிக்கெட்டு எவ்வளவு?"